கத்தியக்கா சொல்லாத தோட்டம்

அவளுக்கு வீட்டில் வைத்த பெயர் ஒன்று இருக்கத்தான் செய்தது. ஆனால் அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் அவளே திரும்பிப் பார்க்க மாட்டாள். பதினாறு வருஷமாக வாழைத் தோட்டங்களில் எல்லாருக்கும் அவள் கத்தியக்காதான். குலையில் கடைசிச் சீப்பு விரிந்ததும் நுனியில் தொங்கும் பூவை வெட்டுவது, அடியில் முளைக்கும் வேண்டாத கன்றுகளை அறுப்பது, காய்ந்த இலைகளைக் கழிப்பது என்று கத்தி எடுத்துச் செய்கிற வேலையெல்லாம் அவளுக்கு அத்துப்படி. முப்பத்தொரு பேருடைய தோட்டங்களைச் சேர்த்து நடத்துகிற சங்கத்தில் நாலு வெட்டுக்காரர்கள் முறைபோட்டுப் போய்வருவார்கள். நாலு பேரில் கத்தியக்கா வந்தால் தேவலை என்றுதான் தோட்டக்காரர்கள் நினைப்பார்கள்.

காரணம் இருக்கிறது. வாழைக்கு வருகிற வாடல் நோய்க்குக் கத்தி நல்ல வாகனம். நோய்பட்ட மரத்தை வெட்டிய கத்தியில் ஒட்டிய சாறு போதும், அடுத்த மரம் காலி. அதனால் ஒரு மரம் முடிந்ததும் கத்தியை ப்ளீச் தண்ணீர் வாளியில் முக்கி, பத்து எண்ணிவிட்டுத்தான் அடுத்த மரத்துக்குப் போக வேண்டும் என்பது சங்கத்தின் சட்டம். வெயிலில் நூறு மரம் வெட்டுகிறவர்களுக்கு நூறு தடவை பத்து எண்ணுவதென்றால் சும்மாவா? மற்றவர்கள் மூன்று எண்ணுவார்கள். பக்கத்தில் ஆள் இல்லாவிட்டால் அதுவும் இல்லை. கத்தியக்கா மட்டும் பத்தையும் உதடு அசைய எண்ணுவாள். தண்ணீர் கலங்கினால் கொட்டிவிட்டுப் புதிதாகக் கலப்பாள். புதிதாக வேலைக்கு வருகிறவர்களிடம் மேஸ்திரி, "அக்காவைப் பாத்துக் கத்துக்கோங்க" என்று சொல்லாமல் இருந்ததில்லை. அவளுக்கும் அதில் கொஞ்சம் தலைக்கனம் உண்டு. இல்லை என்று சொன்னால் நான் பொய் சொன்னதாக ஆகிவிடும்.

மழை விட்ட மூன்றாவது வாரம் ஒரு தோட்டத்தில் ஒரு மரத்தின் குருத்திலை மஞ்சளடித்துத் துவண்டது. உச்சி வெயிலில் வாழையிலை துவள்வது ஒன்றும் புதிதில்லை, சாயங்காலம் நிமிர்ந்துவிடும். இது நிமிரவில்லை. நாலே நாளில் அந்த மரத்தின் இலைகளெல்லாம் தண்டோடு ஒட்டித் தொங்கின. அப்புறம் பக்கத்துத் தோட்டத்தில் மூன்று, அதற்கடுத்ததில் ஐந்து. ஒரு பச்சைக் குலையில் ஒரே ஒரு காய் மட்டும் காரணமில்லாமல் பழுத்திருந்தது. மேஸ்திரி அதை அறுத்துப் பார்த்தார். உள்ளே துருப்பிடித்ததுபோலப் பழுப்பு. அதைக் கீழே போடுவதற்குக்கூடப் பயந்துகொண்டு அவர் கையிலேயே பிடித்தபடி நின்றார்.

மறுநாள் பயிர் நோய்களைப் பார்க்கிற அரசாங்க ஆபீசர் ஜீப்பில் வந்து இறங்கினார். சின்ன வயதுப் பெண், ஆனால் பேச்சில் குழைவே கிடையாது. வாடிய மரத்தின் தண்டிலிருந்து விரல் நீளத்துக்கு ஒரு துண்டு வெட்டி, பழம் அடுக்கும் கொட்டகையில் ஒரு கண்ணாடி டம்ளர் தண்ணீருக்குள் அதன் முனை படும்படி பிடித்தார். வெட்டுக்காரர்கள், தோட்டக்காரர்கள், பெட்டி அடுக்குகிற பெண்கள் எல்லாரும் மேஜையைச் சுற்றி நின்றார்கள். ஒரு நிமிஷம் ஒன்றும் இல்லை. ஒருத்தர் நிம்மதியாக மூச்சு விட்டதுகூடக் கேட்டது. பிறகு தண்டின் முனையிலிருந்து வெள்ளையாக ஒரு நூல் இறங்கியது. அதன் பின்னால் இன்னொன்று. டம்ளரின் அடி மெல்ல மெல்லப் பால் கலந்ததுபோல ஆயிற்று.

"அதேதான்" என்றார் ஆபீசர். "இது காத்துல வரல. பூச்சி கொண்டு வந்திருந்தா அங்க ஒண்ணு இங்க ஒண்ணுன்னு சிதறிக் கிடக்கும். இது வரிசையா வந்திருக்கு. வெட்டிக்கிட்டே போன வழி இது. யாரோ கத்தியைச் சரியா முக்கல."

யாரோ என்று அவர் சொன்னதுதான் தாமதம், அத்தனை பேருடைய கண்களும் அவசரத்தின் மேல் போய் நின்றன.

அவசரம் என்பது ஓர் ஆள். முப்பத்தைந்து வயது, இரண்டு பெண்குழந்தைகள், வெட்டுக்காரர்களில் எல்லாருக்கும் முன்னால் வேலையை முடிக்கிறவன். சாப்பிட உட்கார்ந்தால்கூட ஒரு காலை வாசல் பக்கம் நீட்டி வைத்திருப்பான். நோய் வந்த மூன்று தோட்டங்களிலும் அவன் வெட்டியிருந்தான். கத்தியக்காவும்தான் வெட்டியிருந்தாள், ஆனால் அதை யார் நினைத்துப் பார்த்தார்கள்? அவளேகூட நினைக்கவில்லை. 'இவனுக்கு எத்தனை தடவை சொன்னேன், கேட்டானா?' என்றுதான் அவளுக்கும் பற்றிக்கொண்டு வந்தது.

ஆபீசர் நாலு பேரையும், தோட்டங்களுக்கு வெளியே வேண்டாத வாழைகள் சில நின்ற ஒரு மனைக்குக் கூட்டிப்போய், எப்போதும் செய்கிற மாதிரியே செய்து காட்டச் சொன்னார். அவசரம் வெட்டினான், முக்கினான், பத்து எண்ணுகிறேன் என்று ஆறிலிருந்து எட்டுக்குத் தாவினான். தோட்டக்காரர்களில் ஒருவர், "எண்ணக்கூட அவசரமாடா உனக்கு?" என்று கத்தினார். சிரிக்க வேண்டிய பேச்சு, ஆனால் ஒருத்தரும் சிரிக்கவில்லை.

கடைசியில் கத்தியக்கா வந்தாள். கத்தியை முக்கினாள், பத்து எண்ணினாள், எடுத்தாள். ப்ளீச் தண்ணீர் கத்தியின் முனையைத் தின்னும், மொண்ணைக் கத்தியால் வெட்டினால் தண்டு கிழியும். அதனால் அவள் இடுப்பில் எப்போதும் ஈரத்துணியில் சுற்றிய சாணைக்கல் தொங்கும். பழக்கத்தில் கை தானாகப் போய்க் கல்லை எடுத்தது. இரண்டு இழுப்பு. பிறகு வெட்டினாள். தண்டு வெண்ணெய் மாதிரி இரண்டாயிற்று. இன்னொரு வெட்டு வெட்டும்போது நடுவில் நார் தடுத்தது. அங்கேயே, சாறு சொட்டுகிற கத்தியோடு, கல்லில் ஓர் இழுப்பு இழுத்து மிச்சத்தை வெட்டினாள். அடுத்த மரத்துக்குப் போகும் முன் மறுபடி முக்கினாள், பத்து எண்ணினாள், கல்லில் இரண்டு இழுப்பு.

"இப்படித்தான் செய்யணும். எல்லாரும் பாத்துக்கோங்க" என்றார் ஆபீசர்.

அந்த நேரம் பார்த்துத்தான் கத்தியக்கா கையிலிருந்த கல்லைக் கண்டாள். பதினாறு வருஷமாகக் கையில் இருக்கிற கல். அதை அவள் தடவியிருக்கிறாள், கழுவியிருக்கிறாள், பார்த்ததில்லை. கல்லின் மேலே பழுப்பாக, பிசுபிசுவென்று, வாழைச் சாறு. சாறு பட்ட கத்தியை அதில் தீட்டுகிறோம். அப்புறம் கத்தியை முக்கிச் சுத்தம் செய்கிறோம். சுத்தம் செய்த கத்தியைக் கொண்டுபோய் மறுபடி அதே கல்லில் தீட்டுகிறோம். கத்தியை முக்கச் சொன்னார்கள், முக்கினாள். கல்லை முக்கச் சொல்ல யாருக்கும் தோன்றவில்லை, அவளுக்கும் தோன்றவில்லை. மற்ற மூன்று பேர் இடுப்பிலும் கல்லே கிடையாது. மொண்ணைக் கத்தியை வைத்துக்கொண்டே மாரடிக்கிற சோம்பேறிகள் அவர்கள்.

அவள் கல்லைத் துணியில் சுற்றினாள். ஒருத்தர்கூடக் கவனிக்கவில்லை. அவளைப் பாராட்டி முதுகில் தட்டிவிட்டுப் போனார் ஒரு தோட்டக்காரர்.

கொட்டகைச் சுவரில் முறைப் பலகை இருந்தது. மேஸ்திரி அதிலிருந்து அவசரத்தின் பெயரைத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தார். அவசரம் பக்கத்திலேயே நின்று, தன் பெயர் அழிவதைக் கையைக் கட்டிக்கொண்டு பார்த்தான். "நான் முக்குனேன் மேஸ்திரி. மூணு எண்ணியிருப்பேன், நாலு எண்ணியிருப்பேன், ஆனா முக்காம இருந்ததில்ல" என்றான். கத்தியக்காவால் அதற்கு மேல் அங்கே நிற்க முடியவில்லை. ஜீப்பில் ஏறப்போன ஆபீசரிடம் ஓடினாள்.

"மேடம், அவன் மேல தப்பு இல்ல. கத்தி மேலயும் தப்பு இல்ல. இதுதான்" என்று கல்லை நீட்டினாள்.

ஆபீசருக்குப் புரிய அரை நிமிஷம் ஆயிற்று. புரிந்ததும் அவர் முகம் மாறியது. "முக்குன பிறகு இதுல தீட்டுவீங்களா?"

"ஆமா."

"எவ்வளவு நாளா?"

"பதினாறு வருஷமா."

கோபப்படுவதா சிரிப்பதா என்று தெரியாமல் ஆபீசர் ஜீப்பின் கதவைப் பிடித்துக்கொண்டார். பிறகு கல்லை ஒரு பையில் போட்டுக்கொண்டு, நோட்டைத் திறந்தார். மழைக்குப் பிறகு எந்தெந்தத் தோட்டத்தில் எந்தெந்த மரத்தில் கத்தி வைத்தாள் என்று கேட்டார். கத்தியக்காவுக்கு மரங்கள் மறக்காது. தோட்டம், வரிசை, எத்தனையாவது மரம் என்று சொல்லிக்கொண்டே போனாள். எழுதி எழுதி ஆபீசருக்குக் கை வலித்தது. நோய் முதலில் தெரிந்த அந்த மரத்தில் அவள் கத்தி வைத்தது மழை விட்ட நாலாம் நாள் என்பதும், அதற்கப்புறம் அவள் போன வழியில்தான் நோய் வந்ததென்று சிவப்புப் பெயின்ட் அடித்த மரங்கள் எல்லாம் நிற்கின்றன என்பதும் அந்த நோட்டிலேயே தெரிந்துவிட்டது.

"வேற எங்கயாவது? சங்கத்துக்கு வெளிய? சொந்தக்காரங்க தோட்டம், வீட்டுக்குப் பின்னாடி நாலு மரம், எதுவா இருந்தாலும் சொல்லுங்கம்மா."

"இல்ல மேடம்" என்றாள் கத்தியக்கா.

ஆனால் இருந்தது. மழை விட்ட ஏழாம் நாள், லீவு நாளில், ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருக்கிற தன் கூடப்பிறந்த அக்காவின் தோட்டத்தில் நாற்பத்திரண்டு மரங்களுக்கு அவள் பூ வெட்டியிருந்தாள்.

அக்காவின் கதையைச் சொல்லாமல் இந்த இடத்தைத் தாண்ட முடியாது. அக்காவும் தங்கையும் மூன்று வருஷம் பேசிக்கொள்ளவில்லை. அம்மா போன பிறகு வீட்டுச் சாமான்களைப் பிரிக்கும்போது ஒரு பீரோவுக்காக வந்த சண்டை. அந்த பீரோவோ கதவு சாத்தாது, சாத்தினால் திறக்காது. அதற்காக இரண்டு பேரும் ஒருத்தி முகத்தில் ஒருத்தி விழிக்காமல் மூன்று வருஷம் ஓட்டினார்கள். இதற்கிடையில் அக்கா, இருபது வருஷம் அடுத்தவர் கொட்டகையில் பெட்டி அடுக்கியவள், சொந்தமாக ஒரு துண்டு நிலம் வாங்கி இருநூறு வாழை வைத்தாள். முதலில் குலை தள்ளிய எழுபது மரங்களுக்கு அவளே ஸ்டூல் போட்டு ஏறிப் பூ ஒடித்தாள். தோள்பட்டை பிடித்துக்கொண்டது. அடுத்த நாற்பத்திரண்டு பூக்கும்போது ரோஷத்தை விட்டுத் தங்கைக்குப் போன் போட்டாள். "வேற யாரையும் உள்ள விட எனக்கு மனசு வரலடி. உன் கத்திதான் சுத்தம்" என்றாள். அந்த ஒரு பேச்சுக்காகக் கத்தியக்கா மறுநாள் விடியும் முன்பே கிளம்பிப் போனாள்.

இப்போது அந்தச் சுத்தமான கத்தியின் லட்சணம் தெரிந்துவிட்டது. முதல் எழுபது குலைகள் இன்னும் மூன்று வாரத்தில் வெட்டுக்கு வரும், லாரிக்குச் சொல்லி வைத்தாயிற்று. அக்காவின் வாழ்க்கையில் முதல் வெட்டு. சங்கத்தில் நோய் வந்த தோட்டங்களைச் சுற்றி அன்றைக்கே சிவப்பு ரிப்பன் கட்டிவிட்டார்கள். ஒரு காய்கூட வெளியே போகவில்லை. சொன்னால் அக்காவின் தோட்டத்துக்கும் ரிப்பன்தான், இருநூறு மரமும் போய்விடும் என்று கத்தியக்கா முடிவே கட்டிவிட்டாள். சொல்லாவிட்டால் ஒருவேளை ஒன்றும் ஆகாமல் இருக்கலாம். கல்லில் ஒட்டியது அத்தனை தூரம் போயிருக்காது. அக்கா தோட்டத்துக்குப் போவதற்கு முன்னால் கல்லைக் கழுவினேனா? கழுவியிருப்பேன். கழுவாமலா போயிருப்பேன்? இதையே ஒரு நாளைக்கு நூறு தடவை தன்னையே கேட்டுக்கொண்டாள்.

சங்கத்தில் அவளை வேலையை விட்டு நிறுத்தவில்லை. கத்தியை மட்டும் வாங்கி வைத்துக்கொண்டு, பழப்பெட்டி கழுவுகிற இடத்தில் போட்டார்கள். அவசரத்தின் பெயர் பலகையில் திரும்ப ஏறியது. அவன் அன்று சாயங்காலமே ஓட்டமும் நடையுமாக அவள் வீட்டுக்கு வந்தான்.

"அக்கா, நீங்க வாயைத் தொறக்கலன்னா என் பொழப்பு இன்னிக்கே முடிஞ்சிருக்கும். தன் தப்பைத் தானே போய்ச் சொல்றதுக்கு எவ்வளவு பெரிய மனசு வேணும்! ஒண்ணையும் மறைக்காம சொன்னீங்க பாருங்க, அதைத்தான் நான் பாக்குறவங்ககிட்ட எல்லாம் சொல்லிட்டு வரேன்."

"யார்கிட்டயும் சொல்லாதடா" என்றாள் கத்தியக்கா.

"அடக்கத்தைப் பாரு!" என்று அவன் இன்னும் பூரித்துப் போனான். அவன் போன பிறகு அவளுக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

மறுநாளிலிருந்து வேலை முடிந்ததும் ஆற்றுப் பாலத்தைத் தாண்டி அக்காவின் தோட்டத்துக்குப் போக ஆரம்பித்தாள். போனதும் நேராக வரிசைக்குள் நுழைந்துவிடுவாள். நாற்பத்திரண்டு மரங்களின் குருத்திலையையும் ஒவ்வொன்றாக அண்ணாந்து பார்ப்பாள். மஞ்சள் இருக்கிறதா, துவண்டிருக்கிறதா, காய் ஏதாவது முன்னதாகப் பழுத்திருக்கிறதா என்று. வெயில் இலையில் பட்டுக் கொஞ்சம் மஞ்சளாகத் தெரிந்தாலே நின்றுவிடுவாள். கிட்டே போய்ப் பார்த்தால் வெறும் வெயில். ஒரு நாளைக்கு முப்பது தடவை அவளுக்கு இப்படி உயிர் போய் உயிர் வந்தது.

"என்னடி இது, மூணு வருஷம் மூஞ்சியைக் காட்டல, இப்ப தினமும் வந்து நிக்கிற? உன் வீட்ல தண்ணி வரலையா?" என்றாள் அக்கா.

"உன்னைப் பாக்கத்தான் வந்தேன்."

"என்னைப் பாக்க வந்தவ மரத்தையே பாத்துட்டு நிக்கிறியே." அக்கா சிரித்தாள். டீ போட்டுக் கொடுத்தாள். குலைகளைக் காட்டி, "லாரி வர்ற அன்னிக்கு நீயும் வரணும், மறந்துடாத" என்றாள். கத்தியக்கா டீயை வாய் சுடச் சுடக் குடித்துவிட்டு எழுந்து வந்தாள். சொல்லிவிட வேண்டும் என்று போகிறவள் சொல்லாமல் திரும்புவது நாள்தோறும் நடந்தது. ஆபீசரிடமாவது, அப்படி ஒரு தோட்டம் இருந்தால் என்ன செய்வீர்கள் என்று பொதுவாகக் கேட்டிருக்கலாம். கேட்டால் ஏன் கேட்கிறாய் என்பார். அந்தப் பயத்தில் ஆபீசரின் ஜீப் சத்தம் கேட்டாலே அவள் பெட்டிகளுக்குப் பின்னால் போய்விடுவாள்.

ஏழாவது, எட்டாவது, ஒன்பதாவது நாட்களில் கொட்டகையில் வேலை முதுகை ஒடித்தது. போக முடியவில்லை. பத்தாம் நாள் மத்தியானமே அனுமதி வாங்கிக்கொண்டு போனாள். அக்கா வீட்டுக்குள் இருந்தாள் போலிருக்கிறது, சத்தம் கொடுக்காமல் தோட்டத்துக்குள் நுழைந்தாள். தோட்டம் முன்னைவிடச் சுத்தமாக இருந்தது. காய்ந்த இலையெல்லாம் கழித்து, பளிச்சென்று இருந்தது. எண்ணிக்கொண்டே நடந்தவள் மூன்றாவது வரிசையில் நின்றாள். ஏழாவது மரம் இல்லை.

மரம் இருந்த இடத்தில் சருகு பரப்பியிருந்தது. காலால் விலக்கினாள். புதிதாக வெட்டிப் புரட்டிய ஈர மண்.

"காத்துல சாஞ்சுடுச்சு" என்று பின்னாலிருந்து அக்காவின் குரல் வந்தது.

கத்தியக்கா திரும்பினாள். "காத்தே அடிக்கலையேக்கா."

"இங்க அடிச்சுது."

"சாஞ்ச மரம் எங்க?"

"மாட்டுக்குப் போட்டேன்."

"யார் மாட்டுக்கு?"

அக்காவிடம் மாடு கிடையாது. அக்கா முந்தானையால் கையைத் துடைத்தாள், துடைத்த கையையே மறுபடி துடைத்தாள். பிறகு, "உள்ள வா" என்று சொல்லிவிட்டு முன்னால் நடந்தாள்.

சமையலறையில் அடுப்பு எரியவில்லை. இரண்டு பேரும் ஆளுக்கொரு பலகையில் உட்கார்ந்தார்கள்.

"உனக்குத் தெரியுமா?" என்று கேட்டாள் கத்தியக்கா.

"அஞ்சு நாளாச்சு. சந்தையில ஒருத்தன் உன்னைப் புகழ்ந்து தள்ளிட்டிருந்தான். அவசரமாம், பேரே அப்படித்தானாம். கல்லு விஷயத்தைக் கைகாலெல்லாம் ஆட்டிச் சொன்னான். நீ ஒண்ணையும் மறைக்கலன்னு சொன்னான்."

"என்கிட்ட ஏன்க்கா கேக்கல?"

"நீ ஏன் சொல்லல? வந்த, டீ குடிச்ச, இலையைத் தடவிப் பாத்த, போயிட்ட. கேட்டா நீ உண்மையைச் சொல்லிடுவ. சொல்லிட்டா அப்புறம் நான் ஏதாவது செஞ்சாகணும். அதுக்குத்தான் கேக்கல." அக்கா தரையைப் பார்த்துப் பேசினாள். "முந்தாநாள் காலையில பாத்தேன். குருத்து தொங்கிடுச்சு. உடனே வெட்டிப் பொதைச்சுட்டேன். ஒண்ணுதானடி? ஒண்ணு போனாப் போகட்டும். லாரி வர இன்னும் பதினோரு நாள் இருக்கு. பதினோரே நாள். அதுவரைக்கும் நீயும் எதையும் பாக்கல, நானும் எதையும் பாக்கல."

சரி என்று சொல்லிவிடத்தான் கத்தியக்காவுக்கு மனம் துடித்தது. அக்கா கெஞ்சி அவள் பார்த்ததில்லை. பீரோச் சண்டையில்கூட அக்கா குரல் இறங்கியதில்லை. ஆனால் கத்திக்காரி புத்தி சும்மா இருக்குமா, அது தன் பாட்டுக்குக் கேள்வி கேட்டது.

"எதால வெட்டுன?"

"அரிவாளாலதான்."

"அப்புறம் அரிவாளை என்ன பண்ணுன?"

"கழுவி வெச்சேன்."

"எதுல?"

"எதுல கழுவுவாங்க? தண்ணிலதான்."

கத்தியக்கா வெளியே பார்த்தாள். காய்ந்த இலை ஒன்றுகூட இல்லாமல் பளிச்சென்று இருந்த தோட்டம் ஜன்னல் வழியாகத் தெரிந்தது.

"நேத்து இலை கழிச்சியா?"

"லாரிக்காரன் வந்து பாப்பான், தோட்டம் குப்பையா இருக்க வேணாமேன்னு..."

"அதே அரிவாளா?"

அக்கா நிமிர்ந்து பார்த்தாள். அவளும் இருபது வருஷம் வாழையோடு கிடந்தவள்தான். "எல்லா மரத்துலயும் கழிச்சேன்டி" என்றாள்.

வெளியே யாரோ சைக்கிள் மணி அடித்துக்கொண்டு போனார்கள்.

"அந்தப் பதினோரு நாள்ல இன்னும் எத்தனை விழும்னு தெரியாதுக்கா. விழாட்டியும், லாரியோட வர்ற ஆளுங்க இங்க வெட்டிட்டு அதே கத்தியோட நேரா பக்கத்துல இருக்கிற டீச்சரோட தோட்டத்துக்குப் போவாங்க. அங்கிருந்து அடுத்தது. நான் செஞ்சதையே நாமளே தெரிஞ்சு செய்யற மாதிரி ஆயிடும்."

அக்கா தலையாட்டினாளா இல்லையா என்று தெரியவில்லை. கத்தியக்கா போனை எடுத்தாள். இரண்டு தடவை தப்பான பெயரை அழுத்தினாள். ஆபீசர் எடுத்ததும் ஸ்பீக்கரில் போட்டுத் தரையில் வைத்தாள்.

"மேடம், அன்னிக்கு நீங்க வேற தோட்டம் ஏதாவதுன்னு கேட்டீங்க. நான் இல்லன்னு சொன்னேன். இருக்கு."

மறுமுனையில் நோட்டுப் புரட்டுகிற சத்தம் கேட்டது. "யாரோட தோட்டம்?"

கத்தியக்கா அக்காவைப் பார்த்தாள். அக்கா குனிந்து போனுக்குப் பக்கத்தில் வாயை வைத்து, "என்னோடது. நான் இவ அக்கா. நாப்பத்திரண்டு மரத்துக்கு இவ பூ வெட்டுனா, நான்தான் கூப்பிட்டேன். ஒரு மரம் வாடிடுச்சு, அதை நான் பொதைச்சு மறைச்சேன். அந்த அரிவாளாலயே எல்லா மரத்துக்கும் இலை கழிச்சுட்டேன்" என்று ஒரே மூச்சில் சொன்னாள்.

"மொத்தம் எத்தனை மரம்?"

"எரநூறு."

ஆபீசர் பெருமூச்சு விட்டது ஸ்பீக்கரில் பெரிதாகக் கேட்டது. "ஏம்மா, இதை அன்னிக்கே சொல்லியிருக்கக் கூடாதா? இவங்க வெட்டுன நாப்பத்திரண்டை மட்டும் எடுத்துட்டு, மத்ததுக்குப் பத்து நாள் ரிப்பன் கட்டி வெச்சுப் பாத்துட்டு, ஒண்ணும் இல்லன்னா விட்டிருப்போமே. சங்கத்துத் தோட்டத்துல அப்படித்தானே செஞ்சோம். இன்னிக்குக் காலையிலதான் ரிப்பனை அவுத்தேன், பாக்கலையா? இப்ப அரிவாள் எல்லாத்துலயும் பட்டிருக்கு. எல்லாத்தையும் எடுத்தாகணும். வேற வழி இல்ல."

கத்தியக்கா பார்க்கவில்லை. காலையில் ஜீப் சத்தம் கேட்டதும் அவள் வழக்கம்போலப் பெட்டிகளுக்குப் பின்னால் போயிருந்தாள்.

"நாளைக்குக் காலையில ஆளுங்களோட வரேன். அதுவரைக்கும் யாரும் எதையும் தொட வேணாம்" என்று ஆபீசர் போனை வைத்தார்.

போன் வெளிச்சம் அணைந்தது. அக்கா சுவரில் சாய்ந்து, விரல்களை மடக்கி என்னவோ கணக்குப் போட்டாள். உதடு மட்டும் அசைந்தது.

"நூத்தி அம்பத்தெட்டு" என்றாள் கடைசியில். "நூத்தி அம்பத்தெட்டு மரம் பொழைச்சிருக்கும். அந்த எழுபது குலையும் அதுலதானடி இருந்துச்சு."

"எல்லாமே போயிடும்னு நெனச்சேன்க்கா. கேக்கறதுக்கே பயமா இருந்துச்சு." கத்தியக்கா அழுதாள். மூக்கைத் துடைக்கக்கூடக் கை எழவில்லை. அக்கா திட்டினால் தேவலை என்றிருந்தது, எழுந்து வெளியே போ என்றாலாவது போகலாம். நோயை அறியாமல் கொண்டு வந்தாள், அதை யாரும் மன்னித்துவிடுவார்கள். பத்து நாள் தெரிந்தே வாயை மூடிக்கொண்டிருந்ததை என்ன செய்வது என்று அவளுக்குத் தெரியவில்லை.

அக்கா ஜன்னல் பக்கம் திரும்பித் தோட்டத்தைப் பார்த்தாள். காற்றே இல்லை, ஓர் இலைகூட அசையவில்லை. எல்லா மரமும் நன்றாகத்தான் இருப்பதுபோலத் தெரிந்தது.

"எனக்கும்தான் பயமா இருந்துச்சு" என்றாள் அக்கா. "நாளைக்கு சீக்கிரம் வந்துடு. அந்த ஆபீசரம்மா வரும்போது நான் தனியா நிக்க மாட்டேன்."

"வரேன்க்கா" என்றாள் கத்தியக்கா. சொன்னாளே தவிர எழுந்திருக்கவில்லை. அக்காவும் அவளைப் போகச் சொல்லவில்லை.